ஏபிஜி எடுக்கச் சொல்லியிருக்கிறார்களா? நோயாளியுடன் போகிறவருக்கான வழிகாட்டி

வீட்டில் ஒருவருக்கு மூச்சிரைப்பு. நெஞ்சக மருத்துவர், "ஒரு ஏபிஜி பார்த்துவிடலாம், வீட்டில் ஆக்சிஜன் வைக்க வேண்டுமா என்று அப்புறம் முடிவு செய்யலாம்" என்கிறார். தமனி ரத்தத்தில் ஆக்சிஜனும் கார்பன் டை ஆக்சைடும் எவ்வளவு என்று பார்க்கும் டெஸ்ட் அது. சீட்டில் அந்த மூன்று எழுத்துதான் இருக்கும். எங்கே எடுப்பது, எவ்வளவு ஆகும், என்ன கொண்டு போவது, வருகிற தாளில் எதைப் பார்ப்பது என்று உட்கார வைத்துச் சொல்ல யாருக்கும் நேரம் இருப்பதில்லை. அப்பாவுக்கு சிஓபிடி, அதாவது நாள்பட்ட நுரையீரல் அடைப்பு நோய், என்று தெரிந்த பிறகு இதற்காக நாங்கள் நிறையவே அலைந்தோம். உங்களுக்கு அந்த அலைச்சல் வேண்டாம் என்றுதான் எழுதுகிறேன். நான் மருத்துவர் இல்லை. நோயாளியுடன் போகிற ஆளாகத் தெரிந்துகொண்டதையும், மருத்துவர்களிடம் கேட்டு உறுதி செய்துகொண்டதையும் மட்டும் சொல்கிறேன்.

முக்கியமானதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். யார் ஆக்சிஜன் அளவு என்று ஓர் எண்ணைச் சொன்னாலும் மூன்று விஷயங்களைக் கேளுங்கள்: எந்த ரத்தத்தில் பார்த்தது, எவ்வளவு ஆக்சிஜன் ஓடும்போது பார்த்தது, எத்தனை மணிக்குப் பார்த்தது. இந்த மூன்றும் தெரியாத எண்ணை வைத்து மருந்தையும் மாற்ற முடியாது, ஆக்சிஜன் மெஷினும் வாங்க முடியாது.

1. எந்த அளவு எதற்கு என்று பிரித்துக்கொள்ளுங்கள்

விரலில் மாட்டும் ஆக்சிமீட்டர் காட்டுவது எஸ்பிஓ2. ரத்தத்தில் இருக்கும் ஹீமோகுளோபினில் நூற்றுக்கு எத்தனை பங்கு ஆக்சிஜனை ஏந்தியிருக்கிறது என்று, சிவப்பு ஒளியையும் அகச்சிவப்பு ஒளியையும் விரலுக்குள் செலுத்திக் கணக்குப் போட்டுச் சொல்கிறது. ஊசி இல்லை, வலி இல்லை. ஆனால் கார்பன் டை ஆக்சைடைப் பற்றி அது எதுவும் சொல்லாது. சிஓபிடி நோயாளிக்கு அதுதான் பெரிய குறை.

ஏபிஜி என்பது தமனி ரத்தத்தில் பார்ப்பது. பெரும்பாலும் மணிக்கட்டில் நாடி பிடித்துப் பார்க்கிற இடத்திலேயே ஊசி போடுவார்கள். நுரையீரலில் ஆக்சிஜன் ஏற்றிக்கொண்டு உடம்புக்குப் புறப்பட்ட ரத்தம் என்பதால், நுரையீரல் எப்படி வேலை செய்கிறது என்று நேராகக் காட்டுவது இதுதான். ஆக்சிஜன் அழுத்தம் (பிஓ2), கார்பன் டை ஆக்சைடு அழுத்தம் (பிசிஓ2), ரத்தத்தின் அமிலத்தன்மையைச் சொல்லும் பிஎச் எல்லாம் ஒரே தாளில் வந்துவிடும்.

விபிஜி என்பது சிரை ரத்தம். சர்க்கரை டெஸ்ட்டுக்கு முழங்கை மடிப்பில் எடுக்கிறார்களே, அதே ரத்தம். உடம்பு தனக்கு வேண்டியதை எடுத்துக்கொண்டு மிச்சத்தைத் திருப்பி அனுப்புகிற ரத்தம் இது. பிஎச் பார்க்க இது போதும், தமனியைவிட 0.03 அளவுதான் குறைவாக இருக்கும். கார்பன் டை ஆக்சைடு சில எண்கள் கூடுதலாக இருக்கும். சிரை ரத்தத்திலேயே அது 45-க்குள் இருந்தால், தமனியில் ஏறியிருக்க வாய்ப்பு மிகக் குறைவு. அவசரப் பிரிவில் வலி குறைவு என்பதற்காக மருத்துவர்கள் முதலில் விபிஜி எடுப்பது இந்த நம்பிக்கையில்தான். ஆனால் ஆக்சிஜனுக்கு மட்டும் கையில் எடுத்த சிரை ரத்தத்தை நம்பக் கூடாது. நல்ல ஆரோக்கியமான ஆளுக்கே அதில் 40-ஐ ஒட்டித்தான் வரும்.

அப்பாவுக்கு ஒரு மருத்துவமனையில் அவசரப் பிரிவில் ரத்தம் எடுத்துத் தாளைக் கையில் கொடுத்தார்கள். பிஓ2 38 என்று இருந்தது, பக்கத்தில் குறைவு என்று அம்புக்குறி வேறு. அம்மா அழுதே விட்டார். தாளின் மேல் மூலையில் சின்ன எழுத்தில் அது சிரை ரத்தம் என்று அச்சாகியிருந்தது. மெஷின் அந்த எண்ணைத் தமனிக்கான அளவுகோலில் வைத்துப் பார்த்து அம்புக்குறி போட்டிருக்கிறது, அவ்வளவுதான். தாள் கைக்கு வந்ததும் கண் முதலில் போக வேண்டிய இடம் அந்த மூலைதான்.

2. போவதற்கு முன் ஒரு வாரம் வீட்டில் அளந்து எழுதுங்கள்

ஒரே ஒரு ஏபிஜியைவிட, கூடவே ஒரு வாரக் குறிப்பும் இருந்தால் மருத்துவருக்கு வேலை சுலபம். நல்ல ஆக்சிமீட்டர் ஆயிரம், இரண்டாயிரம் ரூபாய்க்குள் கிடைத்துவிடும். போன் கேமராவில் விரலை வைத்தால் ஆக்சிஜன் காட்டும் என்கிற ஆப்களை இந்த வேலைக்கு நம்பாதீர்கள்.

அளக்கும் முறை: ஐந்து நிமிடம் உட்கார்ந்து ஓய்வெடுக்கட்டும். நெயில் பாலிஷ், அடர்ந்த மருதாணி இருந்தால் அது இல்லாத விரலைப் பாருங்கள். கை சில்லென்று இருந்தால் தேய்த்துச் சூடாக்குங்கள். மாட்டியவுடன் வருகிற எண்ணை எழுதாதீர்கள், ஒரு நிமிடம் விட்டு எண் ஓடாமல் நின்றதும் எழுதுங்கள். கருவியில் காட்டும் நாடித்துடிப்பையும் மணிக்கட்டில் நீங்கள் எண்ணிய துடிப்பையும் ஒப்பிடுங்கள். இரண்டும் ஒத்துப்போகாவிட்டால் அந்த அளவை விட்டுவிடுங்கள். காலை, மாலை, பாத்ரூம் போய் வந்த பிறகு என்று நேரத்தோடு எழுதுங்கள். ஆக்சிஜன் ஏற்கனவே ஓடினால் நிமிடத்துக்கு எத்தனை லிட்டர் என்பதும் பக்கத்தில் இருக்க வேண்டும்.

இங்கே நம்மவர்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டிய ஒன்று உண்டு. கருத்த தோலில் ஆக்சிமீட்டர் உண்மையைவிடக் கூடுதலாகக் காட்ட வாய்ப்பு இருக்கிறது. 2020 டிசம்பரில் அமெரிக்காவில் வெளியான ஓர் ஆய்வில், கருவி 92 முதல் 96 வரை காட்டிய நேரங்களில் தமனி ரத்தத்தில் உண்மையான அளவு 88-க்கும் கீழே இருந்தது கறுப்பின நோயாளிகளிடம் 11.7 சதவீதம், வெள்ளையரிடம் 3.6 சதவீதம். பொதுவாகவே கருவி 90 காட்டினால் உண்மை 86-க்கும் 94-க்கும் இடையில் எங்கும் இருக்கலாம் என்று அந்நாட்டு மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ சொல்கிறது. ஆகவே கருவி 93 காட்டியும் ஆள் திணறுகிறார் என்றால் ஆளை நம்புங்கள்.

மூடிய அறையில் கரி அடுப்பு, ஜெனரேட்டர் புகை பட்டவருக்கு ஆக்சிமீட்டர் 98 என்றுகூடக் காட்டும். கார்பன் மோனாக்சைடு ஒட்டிய ஹீமோகுளோபினை அது ஆக்சிஜன் ஏறியதாகவே எடுத்துக்கொள்ளும். அப்படிப்பட்டவரை வீட்டில் வைத்து அளந்துகொண்டிருக்கக் கூடாது, நேராக மருத்துவமனைக்குப் போய்விட வேண்டும்.

3. எங்கே எடுப்பது: கிளம்பும் முன் போன் செய்யுங்கள்

தெருமுனை லேபில் ஏபிஜி எடுக்க மாட்டார்கள். வீட்டுக்கு வந்து எடுத்துப் போகும் சேவையும் இதற்கு உதவாது. எடுத்த ரத்தத்தில் இருக்கும் செல்கள் சிரிஞ்சுக்குள்ளும் ஆக்சிஜனைச் செலவழித்துக்கொண்டே இருக்கும். பதினைந்து நிமிடத்துக்குள் மெஷினில் போடுவது நல்லது, அரை மணி நேரத்தைத் தாண்டவே கூடாது. எனவே ரத்தம் எடுக்கும் இடத்திலேயே மெஷின் இருக்க வேண்டும். ஐசியு உள்ள மருத்துவமனைகளில் பெரும்பாலும் இருக்கும்.

போனில் இப்படிக் கேளுங்கள்: ஏபிஜி மெஷின் உங்கள் கட்டடத்திலேயே இருக்கிறதா? உள்நோயாளியாகச் சேராமல் வந்தால் எடுப்பீர்களா? வேறு மருத்துவர் எழுதிய சீட்டுக்கு எடுப்பீர்களா? எத்தனை மணிக்கு வந்தால் எடுக்க ஆள் இருக்கும்? கடைசிக் கேள்விக்கு ஒரு காரணம் உண்டு. இதை எடுக்கப் பழகியவர்கள் அவசரப் பிரிவிலோ ஐசியுவிலோதான் இருப்பார்கள். அங்கே கூட்டம் இருந்தால் உங்கள் முறை தள்ளிப் போகும். காலை பத்து, பதினோரு மணி எங்களுக்கு ஒத்து வந்தது.

செலவு இடத்துக்கு இடம் மாறும். நான் விசாரித்த தனியார் மருத்துவமனைகளில் சில நூறு ரூபாயில் தொடங்கி இரண்டாயிரம் வரை சொன்னார்கள். பதிவுக் கட்டணம், அவசரப் பிரிவுக் கட்டணம் தனியாக வருமா என்று சேர்த்தே கேளுங்கள், பில் ஏறுவது அங்கேதான். அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளிலும், தாம்பரம் சானடோரியம், மதுரை தோப்பூர் போன்ற அரசு நெஞ்சக மருத்துவமனைகளிலும் காட்டுவதாக இருந்தால், புறநோயாளிச் சீட்டு போடக் காலையிலேயே போய்விடுங்கள்.

மருத்துவக் காப்பீடு இருக்கிறது என்று தெம்பாக இருந்துவிடாதீர்கள். பெரும்பாலான பாலிசிகள் உள்நோயாளியாகச் சேர்ந்தால்தான் பணம் தரும், வெளியில் வந்து எடுக்கும் ஏபிஜிக்கோ வீட்டு ஆக்சிஜனுக்கோ பொதுவாகத் தராது. நோயாளி மத்திய அரசு ஓய்வூதியராக இருந்து, மத்திய அரசின் மருத்துவத் திட்டமான சிஜிஎச்எஸ் அட்டை வைத்திருந்தால், ஆக்சிஜன் கான்சென்ட்ரேட்டருக்கு (காற்றில் இருந்து ஆக்சிஜனைப் பிரித்துத் தரும் மெஷின்) முன் அனுமதி கேட்டு விண்ணப்பிக்க வழி இருக்கிறது. வாங்கிவிட்டு பில்லைக் கொடுக்கலாம் என்று இருக்காதீர்கள், அனுமதி முதலில்.

4. கையில் கொண்டு போக வேண்டியவை

மருத்துவர் சீட்டில் வெறும் ஏபிஜி என்று இருந்தால் திருப்பிக் கொடுத்து இன்னும் இரண்டு வரி எழுதி வாங்குங்கள். நோயின் பெயர் வேண்டும். சாதாரணக் காற்றில் எடுக்க வேண்டுமா, ஆக்சிஜன் ஓடும்போதா, எத்தனை லிட்டரில் என்பதும் வேண்டும். இந்த இரண்டாவது வரி இல்லாமல் போய் எடுத்த ஒரு ரிப்போர்ட்டை அடுத்துப் பார்த்த மருத்துவர் ஏற்கவே இல்லை. ரத்தம் எடுத்த மருத்துவமனை எவ்வளவு ஆக்சிஜன் ஓடியது என்ற கட்டத்தைக் காலியாக விட்டிருந்தது. அப்பா இன்னொரு முறை ஊசி குத்திக்கொள்ள வேண்டியதாயிற்று.

சாப்பிடும் மருந்துகளின் பட்டியலை எடுத்துக்கொள்ளுங்கள். ரத்தம் உறையாமல் இருக்கச் சாப்பிடும் வார்ஃபரின், அசிட்ரோம், குளோபிடோக்ரெல், ஆஸ்பிரின் ஆகியவை இருந்தால் சிவப்பு மையில் எழுதிவைத்துக்கொண்டு, ஊசி எடுப்பவரிடம் நீங்களாகவே சொல்லுங்கள். அவர்கள் கேட்பார்கள் என்று காத்திருக்க வேண்டாம். டயாலிசிஸுக்காக ஃபிஸ்டுலா போட்ட கை என்றால் அந்தக் கையைத் தொடக் கூடாது என்பதையும் சொல்லிவிடுங்கள்.

சமீபத்திய ஹீமோகுளோபின் ரிப்போர்ட்டும் இருக்கட்டும். ஆக்சிமீட்டர் காட்டும் 98 சதவீதம் என்பது இருக்கிற ஹீமோகுளோபினில்தான். ஹீமோகுளோபின் 7 இருக்கிற ஒருவர் 98 காட்டினாலும், 14 இருக்கிறவர் சுமக்கும் ஆக்சிஜனில் பாதிதான் அவர் ரத்தத்தில் இருக்கும். இதோடு பழைய ஏபிஜி தாள்கள், எக்ஸ்ரே, எக்கோ, ஆதார், ஒரு வாரக் குறிப்பு. வீட்டில் ஏற்கனவே ஆக்சிஜன் ஓடுகிறது என்றால் போகவர, காத்திருக்க எல்லாவற்றுக்கும் போதுமான சிலிண்டர் வண்டியில் இருக்க வேண்டும்.

5. அன்றைக்கு நேரத்தைக் கணக்குப் போடுங்கள்

வெறும் வயிற்றில் போக வேண்டியதில்லை. மாடிப்படி ஏறிய மூச்சிரைப்போடு உடனே எடுத்தால் அளவு சரியாக வராது, சற்று உட்கார வையுங்கள். ஆக்சிஜனைக் கூட்டினாலோ குறைத்தாலோ நிறுத்தினாலோ, ரத்தத்தில் அளவு நிலைக்க 20 முதல் 30 நிமிடம் ஆகும், சிஓபிடிக்கு முழு அரை மணி நேரம் கொடுக்க வேண்டும். குழாயைக் கழற்றிய கையோடு ஊசியை எடுத்து வந்தால், எப்போது கழற்றினோம் என்று சொல்லிக் காத்திருக்கச் சொல்லுங்கள். ஒன்று கவனம்: சாதாரணக் காற்றில் எடுப்பதற்காக நீங்களாக வீட்டிலேயே ஆக்சிஜனை நிறுத்திவிட்டுக் கூட்டிக்கொண்டு போகாதீர்கள். அங்கே போய், ஆட்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதுதான் நிறுத்த வேண்டும்.

6. ஊசி போடும்போது

சாதாரண ஊசியைவிட வலிக்கும். தமனி ஆழத்தில் இருக்கிறது, பக்கத்திலேயே நரம்பும் ஓடுகிறது. "ஒன்றும் இல்லை, எறும்பு கடித்த மாதிரி" என்று பெரியவர்களிடம் பொய் சொல்லாதீர்கள், அடுத்த முறை வர மறுப்பார்கள். மரத்துப்போகும் ஊசி போட்டுவிட்டு எடுக்க முடியுமா என்று கேட்பதில் தவறில்லை.

முதலில் கையை இறுக்கி மூடச் சொல்லி, மணிக்கட்டின் இரண்டு பக்கமும் அழுத்திப் பிடித்து, கையைத் திறக்கச் சொல்லிச் சுண்டுவிரல் பக்கத்தை மட்டும் விடுவார்கள். வெளுத்த உள்ளங்கை சில விநாடிகளில் சிவந்தால், அந்தக் கைக்கு இன்னொரு தமனியும் ரத்தம் கொடுக்கிறது என்று அர்த்தம். ஆலன் சோதனை என்று பெயர். அதன்பின் மணிக்கட்டுக்கு அடியில் துணியைச் சுருட்டி வைத்து, நாடியை விரலால் தேடி, ஊசியைச் சாய்வாகச் செலுத்துவார்கள். தமனியில் பட்டதும் பல சமயம் ரத்தம் துடித்துத் துடித்து சிரிஞ்சில் தானாக ஏறும். கருஞ்சிவப்பாக, இழுத்தால்தான் வருகிறது என்றால் சிரையாக இருக்கலாம். ஆனால் ஆக்சிஜன் மிகக் குறைந்தவருக்குத் தமனி ரத்தமும் கருத்தே இருக்கும், நிறத்தை மட்டும் வைத்து வாதம் செய்ய வேண்டாம்.

சிரிஞ்சில் குமிழி இருந்தால் உடனே வெளியேற்ற வேண்டும். காற்றில் இருக்கும் ஆக்சிஜன் ரத்தத்தில் கலந்து பிஓ2 பொய்யாக ஏறிவிடும், கார்பன் டை ஆக்சைடு குறைந்துவிடும். அப்புறம் அந்த சிரிஞ்ச் நேராக மெஷினுக்குப் போகிறதா என்று பாருங்கள். ட்ரேயில் கிடந்தால் பணிவாக நினைவுபடுத்துங்கள்.

ஊசியை எடுத்ததும் ஐந்து நிமிடம் விடாமல் அழுத்திப் பிடிக்க வேண்டும். ரத்தம் உறையாத மருந்து சாப்பிடுகிறவருக்குப் பத்து நிமிடமாவது. நடுவில் திறந்து திறந்து பார்க்கக் கூடாது. பஞ்சை ஒட்டிவிட்டு நர்ஸ் அடுத்த படுக்கைக்குப் போய்விட்டால் நீங்களே பிடியுங்கள். வீட்டுக்கு வந்த பிறகு விரல்கள் சில்லிட்டால், வெளுத்தால், மரத்துப்போனால், வீக்கம் பெருகினால் அன்றைக்கே திரும்பப் போங்கள்.

7. தாளைப் படிப்பது

மெஷினில் இருந்து வருவது பில் போடும் அந்த வழவழப்பான தாள். சில மாதங்களில் எழுத்து மங்கிவிடும். வாங்கியதும் போட்டோ எடுத்து, ஜெராக்ஸ் போட்டு, மருத்துவமனை முத்திரை வைத்து வாங்குங்கள். பத்திரமாக இருக்கட்டும் என்று லேமினேட் செய்யக் கொடுத்தால் சூடு பட்டுத் தாளே கறுத்துவிடும்.

முதலில் பெயர், நேரம், தமனியா சிரையா, எஃப்ஐஓ2 (உள்ளே இழுக்கும் காற்றில் ஆக்சிஜனின் பங்கு) ஆகியவற்றைப் பாருங்கள். சாதாரணக் காற்று என்றால் 0.21 அல்லது 21 என்று இருக்க வேண்டும். மூக்குக் குழாயில் 1 லிட்டர் என்றால் ஏறக்குறைய 24 சதவீதம், 2 லிட்டர் 28, 3 லிட்டர் 32, 4 லிட்டர் 36. இந்தக் கட்டம் காலியாக இருந்தால் அங்கேயே எழுதி வாங்குங்கள். 2 லிட்டர் ஓடும்போது வந்த 70-ம் சாதாரணக் காற்றில் வந்த 70-ம் ஒன்றல்ல.

தமனி ரத்தத்தில் பொதுவான அளவுகள்: பிஎச் 7.35 முதல் 7.45, பிசிஓ2 35 முதல் 45, பிஓ2 80 முதல் 100, பைகார்பனேட் 22 முதல் 26. வயதானவர்களுக்கு பிஓ2 சற்றுக் குறைவாகவே இருக்கும். பிஓ2 என்பது மில்லிமீட்டர் பாதரச அழுத்தம், எஸ்பிஓ2 என்பது சதவீதம், இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள். பிஓ2 60 இருந்தால் சதவீதக் கணக்கில் 90-ஐ ஒட்டி இருக்கும், 40 என்றால் 75-ஐ ஒட்டி. 60-க்குக் கீழே போனால் சரிவு வேகமாகிவிடும். சில மெஷின்கள் கிலோபாஸ்கலில் காட்டும். 8 என்று பார்த்துப் பதற வேண்டாம், 7.5-ஆல் பெருக்கினால் 60.

சிஓபிடி நோயாளிக்கு நான் முதலில் பார்ப்பது பிசிஓ2. அது ஏறியிருந்தால் ஆக்சிஜனை அதிகம் கொடுப்பது ஆபத்து, அது இன்னும் ஏறும். காலையில் தலைவலி, பகலில் தூங்கி வழிவது, கேட்டதற்குப் பதில் தடுமாறுவது எல்லாம் அதற்கான அறிகுறிகள். இப்படிப்பட்டவர்களுக்கு எஸ்பிஓ2 88 முதல் 92 வரை இருந்தால் போதும் என்று மருத்துவர்கள் வைப்பார்கள். 99 காட்ட வேண்டும் என்ற ஆசையில் வீட்டில் லிட்டரைத் திருகிக் கூட்டும் பழக்கம் பலரிடம் இருக்கிறது. தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள்.

8. ஐசியுவில் சொல்லும் சிரை அளவு

ஐசியுவில், "கழுத்து லைனில் சாச்சுரேஷன் (ஆக்சிஜன் ஏறிய சதவீதம்) 62 இருக்கிறது" என்று சொன்னால் அது வேறு கணக்கு. கழுத்தில் போட்ட குழாய் வழியாக, இதயத்துக்குத் திரும்பும் சிரை ரத்தத்தில் பார்ப்பது. அங்கே 70-ஐ ஒட்டி இருந்தாலே நல்லது. குறைந்தால் உடம்பு கிடைத்ததில் அதிகம் பிடுங்கிக்கொள்கிறது என்று பொருள். இதயம் போதிய ரத்தத்தை அனுப்பவில்லையா, ஹீமோகுளோபின் குறைவா என்று பார்ப்பார்கள். இதை விரலில் காட்டும் எண்ணோடு ஒப்பிட்டுப் பயப்பட வேண்டாம்.

9. ரிசல்ட் வந்ததும் மெஷின் வாங்க ஓடாதீர்கள்

வீட்டில் நீண்டகால ஆக்சிஜனுக்கு மருத்துவர்கள் பார்க்கும் அளவு, சாதாரணக் காற்றில் பிஓ2 55 அல்லது அதற்குக் கீழே. 56 முதல் 59 வரை என்றால் இதயத்தின் வலப்பக்கம் பாதிக்கப்பட்டிருக்கிறதா, ஹீமடோகிரிட் (ரத்தத்தில் சிவப்பணுக்களின் சதவீதம்) 55-ஐத் தாண்டியிருக்கிறதா என்றும் பார்ப்பார்கள். இவை எல்லாம் நோய் அடங்கிய நிலையில் எடுத்த அளவுக்குத்தான். சளி கட்டி ஐசியுவில் இருந்துவிட்டு டிஸ்சார்ஜ் ஆகும் நாளில் எடுத்தால் யாருக்கும் குறைவாகவே இருக்கும். உடம்பு தேறி எட்டு வாரம் போன பிறகு, குறைந்தது மூன்று வார இடைவெளியில் இரண்டு ஏபிஜி எடுத்து முடிவு செய்வது பிரிட்டனில் உள்ள வழிமுறை. அதுவரை ஆக்சிஜன் அவசியம் என்றால் வாடகைக்கு எடுங்கள். நான் கேட்ட இடங்களில் 5 லிட்டர் மெஷினுக்கு மாதம் சில ஆயிரம் ரூபாய் வாடகை, தனியாக முன்பணம். புதிதாக வாங்கினால் நாற்பதாயிரத்தை ஒட்டித் தொடங்கியது.

கரண்ட் பில்லையும் இப்போதே கணக்கில் சேருங்கள். 5 லிட்டர் மெஷின் சுமார் 350 வாட் இழுக்கும். நீண்டகால ஆக்சிஜன் என்றால் ஒரு நாளைக்குக் குறைந்தது 15 மணி நேரம். நாளுக்கு ஐந்து யூனிட்டுக்கு மேல், இரண்டு மாத பில்லில் முந்நூறு யூனிட்டுக்கு மேல் கூடும். கரண்ட் போனால் சமாளிக்க ஒரு பி டைப் சிலிண்டர் வைத்துக்கொள்ளுங்கள். அதில் 1,500 லிட்டர் இருக்கும், 2 லிட்டரில் ஓடினால் பன்னிரண்டரை மணி நேரம் வரும். மெஷின் இருக்கும் அறையில் எண்ணெய் விளக்கு, ஊதுபத்தி, கற்பூரம், பீடி, சிகரெட் எதுவும் வேண்டாம். பூஜை அலமாரி அதே அறையில் இருந்தால் அதை மாற்றிவிட்டு மெஷினை உள்ளே கொண்டு வாருங்கள்.

ஆக்சிஜன் தொடங்கி மூன்று மாதத்தில் திரும்ப ஏபிஜி எடுக்க நாள் குறித்துக்கொள்ளுங்கள், பழைய தாளின் ஜெராக்ஸோடு. சிலருக்கு அதற்குள் தேறி, ஆக்சிஜனே வேண்டாம் என்றாகிவிடுவதும் உண்டு. இடையில் உதடு நீலமானால், பேச்சு குழறினால், எழுப்பினாலும் எழாமல் தூங்கினால் எந்த டெஸ்ட்டுக்கும் காத்திருக்காமல் 108-ஐக் கூப்பிடுங்கள். வண்டியில் ஏற்றும்போதே, சிஓபிடி நோயாளி, கடைசி பிசிஓ2 இவ்வளவு, மருத்துவர் வைத்த இலக்கு 88 முதல் 92 என்று சொல்லி, தாளின் நகலை அவர்கள் கையில் கொடுத்துவிடுங்கள்.